செவிவழியே ஏட்டிற்கு: ‘என் சரித்திரம்’ காட்டும் புலனும் கற்றலும்

மாணவரைக் கண்வழிக் கற்போர், செவிவழிக் கற்போர், செயல்வழிக் கற்போர் எனப் பகுத்து, அவரவர் புலனுக்கு ஏற்பப் பாடம் நடத்த வேண்டும் என்னும் கருத்து, மலேசிய, சிங்கப்பூர்த் தமிழாசிரியர்களிடையே ஏறத்தாழ ஐயத்திற்கு இடமில்லாத உண்மையாக நிலைபெற்றுள்ளது. பயிற்சிப் பட்டறைகளில் வினாப்படிவம் தரப்படுகிறது. மாணவர் அதனை நிரப்புகின்றனர். முடிவில் ஒவ்வொருவருக்கும் ஒரு பெயர் கிடைத்துவிடுகிறது. பெயர் கிடைத்தபின் நிகழ்வதே நம் கவலைக்குரியது. கண்வழிக் கற்பவன் எனப் பெயர்பெற்ற மாணவனுக்குப் படங்களும் வண்ண அட்டைகளும் மிகுதியாகக் கிடைக்கின்றன. வாய்விட்டுப் படிக்கும் வாய்ப்புக் குறைகிறது. லகர, ளகர, ழகர ஒலி வேறுபாட்டை எந்த வண்ண அட்டையும் அவனுக்குக் கற்பிக்கப்போவதில்லை. பயிற்சி தேவைப்பட்ட இடத்திலேயே அவனுக்கு விலக்கு அளிக்கப்படுகிறது.

இக்கருத்தை எதிர்கொள்வதற்கு நாம் இங்கு எடுத்துக்கொள்வது உ.வே.சாமிநாதையரின் ‘என் சரித்திரம்’. 1940 முதல் 1942 வரை ஆனந்த விகடனில் தொடராக வெளிவந்து, ஆசிரியரின் மறைவால் 122 அத்தியாயங்களோடு நின்றுபோய், 1950இல் நூலுருப் பெற்ற இந்தத் தன்வரலாறு, நம் வகுப்பறைகளில் பெரும்பாலும் குருபத்திக்கு எடுத்துக்காட்டாகவும், பதிப்பு முயற்சியின் வீரக்கதையாகவுமே சொல்லப்படுகிறது. இரண்டும் அதில் உள்ளனதாம். ஆயின், ஒருவர் தாம் கற்ற முறையை, யாரிடம், எங்கே அமர்ந்து, எதைக் கேட்டு, எதில் எழுதி என இத்துணை விரிவாகப் பதிவு செய்த நூல் தமிழில் பிறிதொன்று இருப்பதாக நமக்குத் தோன்றவில்லை. கற்றலில் புலன்கள் எவ்வாறு தொழிற்படுகின்றன என்பதை அறிய விரும்பும் தமிழாசிரியர் முதலில் திறக்க வேண்டிய நூல் இதுவே என்பது நம் கருத்து.

நூலுக்குள் செல்லுமுன் கற்றல் பாணிக் கோட்பாட்டின் இன்றைய நிலையைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1970களில் அமெரிக்காவில் ரீட்டா டன், கென்னத் டன் இணையரால் பரவலாக்கப்பட்ட இவ்வகைச் சிந்தனை, 1992இல் நீல் ஃபிளெமிங்கும் காலீன் மில்ஸும் வெளியிட்ட கட்டுரைக்குப்பின் ஆசிரியர் எளிதில் கையாளத்தக்க வினாப்படிவ வடிவம் பெற்றது. 2004இல் ஃபிராங்க் காஃபீல்டும் அவர்தம் குழுவினரும் இத்தகைய மாதிரிகள் 71 இருப்பதைக் கணக்கிட்டுக் காட்டினர். ஒரே பொருளைப் பற்றி 71 வகைப்பாடுகள் நிலவுமாயின் அப்பொருள் இன்னும் சரிவரக் கண்டறியப்படவில்லை என்றுதானே கொள்ளவேண்டும்! 2008இல் ஹரால்ட் பாஷ்லர் முதலிய நால்வர் இத்துறை ஆய்வுகளை மதிப்பிட்டனர். கண்வழி மாணவர் கண்வழிப் பாடத்திலும், செவிவழி மாணவர் செவிவழிப் பாடத்திலும் கூடுதலாகக் கற்கின்றனர் என்பதைக் காட்டவல்ல முறையில் நடத்தப்பட்ட ஆய்வுகள் மிகச் சிலவே என்பதும், அவற்றுட் பல அக்கருத்தை மறுக்கின்றன என்பதும் அவர்தம் முடிவு. ஆயினும் 2012இல் சன்னே டெக்கர் முதலியோர் 242 ஆசிரியரிடம் நடத்திய ஆய்வில், பிரித்தானிய ஆசிரியருள் 93 விழுக்காட்டினரும் நெதர்லாந்து ஆசிரியருள் 96 விழுக்காட்டினரும் இக்கோட்பாட்டை நம்பினர். பன்முக நுண்ணறிவுக் கோட்பாட்டை 1983இல் முன்வைத்த ஹோவர்ட் கார்ட்னரே தம் கோட்பாடு கற்றல் பாணி பற்றியதன்று என 2013இல் எழுதி விளக்க நேர்ந்தது.

மாணவருக்கு விருப்பங்கள் உண்டு என்பதை எவரும் மறுக்கவில்லை. விரும்பிய வழியிலேயே கூடுதலாகக் கற்கலாம் என்பதுதான் நிறுவப்படவில்லை.

இதனோடு ஒட்டிப்பிறந்த இன்னொரு நம்பிக்கையும் உண்டு. படிப்பதில் 10 விழுக்காடு, கேட்பதில் 20 விழுக்காடு, செய்வதில் 90 விழுக்காடு நினைவில் நிற்கும் எனக் கூறும் முக்கோணப் படம் அது. எட்கர் டேல் 1946இல் வெளியிட்ட அனுபவக் கூம்பிலிருந்து இது பெறப்பட்டது என்பர். டேலின் கூம்பிலோ விழுக்காடு எதுவும் இல்லை. எண்கள் பின்னர் யாராலோ சேர்க்கப்பட்டவை. இப்படத்தின் அருகே நன்னூற் பொதுப்பாயிரத்தை வைத்து, நம் முன்னோர் இதனை அன்றே கூறினர் எனப் பெருமைகொள்ளும் வழக்கமும் காணப்படுகிறது. நன்னூலும் பின்னங்களைக் கூறுவது உண்மைதான். ஆசிரியரிடம் கேட்பதால் காற்பங்கும், உடன் பயில்வோரோடு பழகுவதால் காற்பங்கும், பிறருக்கு எடுத்துரைப்பதால் எஞ்சிய அரைப்பங்கும் புலமை நிரம்பும் என்பது பவணந்தியார் கொள்கை. ஆனால் அவர் எண்ணுவன புலன்கள் அல்ல. ஆசிரியர், உடன்பயில்வோர், தன்னிடம் கேட்போர் என மூவகை உறவுகளையே அவர் எண்ணுகிறார். மாணாக்கரை அன்னம், பசு, மண், கிளி, ஓட்டைக்குடம், ஆடு, எருமை, நெய்யரி என அவர் வகுக்கும்போதும், கேட்டதை ஒருவன் என் செய்கிறான் என்பதே அளவுகோலாகிறது. எந்தப் புலனால் பெற்றான் என்பதன்று. மேலைக் கோட்பாட்டிற்குச் சான்றாக நன்னூலை அழைப்போர் அதன் எதிர்ச்சாட்சியத்தையே அழைத்துவந்து நிறுத்துகின்றனர்.

மணலும் எழுத்தின் பெயரும்

சாமிநாதையரின் தொடக்கக் கல்வி திண்ணைப்பள்ளி மரபைச் சார்ந்தது. அதில் எழுத்து மணலில் தொடங்கும். விரல் மணலை உழுதுசெல்ல, வாய் எழுத்தின் பெயரைச் சொல்லும். எழுத்துகளின் பெயர் ‘அனா, ஆவன்னா, இனா, ஈயன்னா’ என அமைந்திருந்ததை முதியோர் அறிவர். இப்பெயரமைப்பை நாம் வேடிக்கையாகக் கடந்துவிடுகிறோம். குறிலுக்கு ‘னா’ என்றும் நெடிலுக்கு ‘வன்னா’, ‘யன்னா’ என்றும் வேறுவேறு வால்கள் அமைந்திருப்பதால், குறில் நெடில் வேறுபாடு செவியில் இருமுறை பதிகிறது: ஒருமுறை எழுத்தின் ஒலியால், மறுமுறை பெயரின் வாலால். இதன் பயன் யாது என்பதைப் பின்னர்க் காண்போம்.

பள்ளி முடிந்து வீடு திரும்புமுன் ஒவ்வொரு சிறுவனுக்கும் ஒரு பூவின் பெயரோ பறவையின் பெயரோ சொல்லியனுப்பி, மறுநாட் காலையில் அதனை மறவாது சொல்லச்செய்யும் வழக்கத்தையும் நூல் குறிப்பிடுகிறது. கண்ணுக்கு எதுவும் காட்டப்படுவதில்லை. கையில் எதுவும் தரப்படுவதில்லை. செவியிற் புகுந்த ஒரு சொல்லை இரவு முழுதும் காத்துவைத்து மீட்டுத்தர வேண்டும். இதனை வெறும் நெட்டுரு என ஒதுக்குவது எளிது. செந்தில் பாபு 2007இல் வெளியிட்ட கட்டுரையிலும் 2022இல் வெளியிட்ட நூலிலும் திண்ணைப்பள்ளிக் கணிதத்தை ஆராய்ந்து, அங்கு நினைவு என்பது அறிவைச் சேமிக்கும் பெட்டி மட்டுமன்று, அதுவே கற்கும் முறை என்று காட்டியுள்ளார். எண்சுவடியை உரக்கச் சொல்வதும், கேட்பதும், எழுதுவதும் பிரிக்கவியலாத ஒரே செயல். 2006இல் ஹென்றி ரோடிகரும் ஜெஃப்ரி கார்ப்பிக்கும் நடத்திய ஆய்வு, ஒரு பகுதியை மீண்டும் மீண்டும் படித்தோரைவிட அதனை நினைவிலிருந்து மீட்டுச் சொன்னோரே ஒருவாரத்திற்குப்பின் மிகுதியாக நினைவு வைத்திருந்தனர் எனக் காட்டியது. பூவின் பெயரைச் சுமந்துசென்ற சிறுவன் செய்ததும் மீட்டலே.

மணலெழுத்தைப் பொறுத்தவரை, 1789 முதல் சென்னை எழும்பூரில் ஆதரவற்ற சிறுவர் இல்லப்பள்ளியை நடத்திய ஆண்ட்ரூ பெல், நாட்டுப்பள்ளிச் சிறுவர் மணலில் எழுதுவதைக் கண்டு அதனைத் தம் பள்ளியில் புகுத்தினார். 1797இல் இலண்டனில் அதுபற்றி நூலும் வெளியிட்டார். சட்டாம்பிள்ளை முறையை ஒத்த மாணவர்வழிக் கற்பித்தலும் அவர் வழியாக ‘சென்னை முறை’ என்னும் பெயரில் இங்கிலாந்திற் பரவியது. அண்மைக் காலத்தில் மரீகே லோங்கானும் உடனாய்வாளரும் 2005இல் வெளியிட்ட ஆய்வில், விசைப்பலகையில் தட்டி எழுத்துகளைக் கற்ற சிறுவரைவிடக் கையால் எழுதிக் கற்ற சிறுவர், குறிப்பாக அவருள் மூத்தோர், எழுத்துகளை நன்கு அடையாளம் கண்டனர் என்பது தெரியவந்தது. கை அறிந்ததைக் கண் பின்னர்க் காண்கிறது. இது எல்லாச் சிறுவர்க்கும் பொதுவான கூற்று. ‘செயல்வழிக் கற்போர்’ என ஒதுக்கப்பட்ட சிலருக்கு மட்டும் உரியதன்று.

செவி ஒன்றா?

1871இல் தம் பதினேழாம் வயதில் சாமிநாதையர் மாயூரத்தில் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையை அடைகிறார். பிள்ளையவர்கள் நைடதச் செய்யுள் ஒன்றைச் சொல்லச்செய்து பொருளும் கேட்கிறார். நுழைவுத்தேர்வு செவிக்கும் நாவுக்கும்தான். அதன்பின் நூலில் நிகழும் ஒன்று நம் ஆய்வுக்கு மிக முதன்மையானது.

சாமிநாதையரின் தந்தையார் வேங்கடசுப்பையர் கனம் கிருஷ்ணையரிடம் பயின்ற இசைவாணர். மகனுக்கும் இசைப்பயிற்சி விட்டுப்போகலாகாது என அவர் விரும்பினார். மாயூரத்தில் அப்போது ‘நந்தனார் சரித்திரக் கீர்த்தனை’ இயற்றிய கோபாலகிருஷ்ண பாரதியார் வாழ்ந்துவந்தமையால், அவரிடம் இசை கற்க ஏற்பாடாயிற்று. செய்தி பிள்ளையவர்களுக்குத் தெரிந்தபோது, இசையில் மனம் மிகுதியாகச் சென்றால் இலக்கண, இலக்கியங்களில் அறிவு ஆழ்ந்து செல்லாது என்னும் பொருள்படக் கூறுகிறார். மாணவர் இசைப்பாடத்தை நிறுத்திக்கொள்கிறார்.

இன்றைய வினாப்படிவத்தை இளைஞர் சாமிநாதனிடம் கொடுத்திருந்தால் அவர் ‘செவிவழிக் கற்போர்’ என்றே பெயர் பெற்றிருப்பார். இசைக்குடும்பம், இசைநாட்டம், பாடலை இசையோடு சொல்லும் பழக்கம் ஆகிய அனைத்தும் அதற்குச் சான்றாகும். அவருக்கு இசைவழியே பாடம் நடத்துக என்றும் பரிந்துரை எழுதப்பட்டிருக்கும். செவியையே முழுவதும் நம்பிப் பாடம் சொன்ன பேராசிரியர் ஒருவர் அதற்கு நேர்மாறாக நடந்துகொள்கிறார். செவி என்பது அவருக்கு ஒரே கதவாகத் தோன்றவில்லை. இராகத்தைத் தொடரும் செவி வேறு. எதுகையையும் தளையையும் சொற்பிரிப்பையும் தொடரும் செவி வேறு. முன்னது நீட்டலில் இன்புறுவது. பின்னது மாத்திரைக்கணக்கில் விழிப்போடிருப்பது. பயிலும் பொருள் எதுவோ அதுவே புலனைப் பழக்குகிறது என்பதைப் பிள்ளையவர்களின் தடை காட்டுகிறது.

பிள்ளையவர்கள் சொன்னது முற்றும் சரியா என்பது வேறு வினா. அவர் தம் சார்பை மாணவர்மேல் ஏற்றினார் என்றும் கூறலாம். திருவாவடுதுறை ஆதீனத்தில் சுப்பிரமணிய தேசிகர் இசைச்சுவைஞராக விளங்கியமையால், அங்கே சாமிநாதையரின் இசையறிவு மதிப்புப் பெற்றதை நூலே கூறுகிறது. திருப்பெருந்துறைப் புராண அரங்கேற்றத்தில் ஏடு படிக்கும் பணியும் அவருக்கு வாய்த்தது. தடுக்கப்பட்ட செவி முற்றும் அடைபட்டுவிடவில்லை. ஆசிரியர் எழுதும் தொனியிலும் இழப்புணர்வின் சாயல் உண்டு. குருபத்தியின் மிகுதியால் அதனை அவர் வெளிப்படையாகச் சொல்லவில்லை என்றே நாம் வாசிக்கிறோம்.

கண்ணுக்கும் நூலில் ஒரு காட்சி உண்டு. பிள்ளையவர்கள் தம் வீட்டுத் தோட்டத்து மரஞ்செடிகளில் புதிய தளிர்களைக் காலையில் தேடிக்காண்பதில் மகிழ்வார். இதனை அறிந்த மாணவர் முன்னரே எழுந்து தளிர்விட்ட இடங்களைப் பார்த்துவைத்துக்கொண்டு ஆசிரியருக்குக் காட்டுவார். அம்மகிழ்ச்சியில் பாடமும் கிடைக்கும். பிற்காலத்தில் பாடவேறுபாடு தேடிய கண் இங்கேதான் பழகியது எனச் சொல்லத் தோன்றும். அழகான கூற்றுத்தான், ஆயினும் நூல் அவ்வளவு தூரம் இடம் தரவில்லை. அது ஆசிரியரின் மனத்தை எட்டுவதற்கு ஒரு சிறுவன் கண்ட வழி.

புள்ளியில்லா ஏடு

பிள்ளையவர்கள் புராணங்களை இயற்றும்போது வாயாற் சொல்ல, மாணவர் ஏட்டில் எழுதுவர். இச்செயலின் புலனியலைச் சற்று நின்று நோக்கவேண்டும். எழுத்தாணி ஓலையைக் கீறும்போது எழுத்துத் தெளிவாகத் தெரிவதில்லை. கீறலின்மேல் மை தடவித் துடைத்தபின்னரே அது கறுத்துத் தோன்றும்; புதிய ஏட்டிற்கு மையாடுதல் என்பதே தனிச் சடங்காக இருந்தது. எனவே எழுதுங்கால் கண் பெரிதும் துணைசெய்வதில்லை. செவி கேட்கிறது, கை கீறுகிறது, இடக்கை ஓலையை நகர்த்துகிறது. ஆசிரியரின் அடுத்த சொல் வருமுன் முந்திய சீர் முடிந்திருக்கவேண்டும். அதற்கு யாப்பு செவியில் நிலைபெற்றிருத்தல் இன்றியமையாதது. அடி எங்கே முடியும் என்பதை முன்னுணராதவன் பின்தங்கிவிடுவான்.

இனி எழுதப்பட்ட ஏட்டைப் படிக்கும் நிலை. பழைய ஏடுகளில் மெய்யெழுத்திற்குப் புள்ளி பெரும்பாலும் இராது. புள்ளியிட்டால் ஓலை துளைபடும் என்பது பொதுவாகக் கூறப்படும் காரணம். எகர ஏகார, ஒகர ஓகார வேறுபாடு வரிவடிவில் காட்டப்படுவதில்லை. காலும் ரகரமும் ஒரே வடிவின. சொற்களிடையே இடைவெளியில்லை, செய்யுள் அடிபிரித்தும் எழுதப்படுவதில்லை. ‘காடு’ என்பதும் ‘கரடு’ என்பதும் கண்ணுக்கு ஒன்றே. ‘கொள்’, ‘கோள்’, ‘கொள’, ‘கோள’ ஆகிய நான்கும் ஒரே கீறலுக்குள் அடங்கிக் கிடக்கும். இவற்றுள் எது என்பதைக் கண் தீர்மானிக்க இயலாது. தளை தட்டுகிறதா, எதுகை அமைகிறதா, பொருள் தொடர்கிறதா எனச் செவியே தீர்ப்பளிக்க வேண்டும். எழுத்தின் பெயரிலேயே நெடிலுக்குத் தனி வால் வைத்துக் கற்பித்தமையின் பயன் இங்கே விளங்குகிறது. வரிவடிவம் காட்டாத வேறுபாட்டை, ஓலையைத் தொடுமுன்பே, மணற்பருவத்திலேயே, செவியில் பதித்துவைத்துள்ளனர். அக்கால ஆசிரியர் இதனைத் திட்டமிட்டுச் செய்தனர் என்பதற்கு நம்மிடம் சான்றில்லை. இரண்டும் ஒன்றோடொன்று பொருந்தி வேலை செய்தன என்பது மட்டும் தெளிவு.

ஆகவே ஏட்டுக் கல்வியைக் கேள்விக் கல்விக்கு மறுதலையாக நிறுத்தும் வழக்கம் பிழையானது. கேளாதவன் ஏட்டைப் படிக்கவே முடியாது.

இதன் வன்மை 1880இல் சோதிக்கப்படுகிறது. கும்பகோணம் கல்லூரியில் பணியேற்ற அவ்வாண்டில் சேலம் இராமசுவாமி முதலியாரைச் சந்திக்கிறார் சாமிநாதையர். தாம் கற்ற நூல்களை அவர் வரிசையாகச் சொல்ல, முதலியார் அவற்றிற்கு வியவாமல், சீவகசிந்தாமணி படித்ததுண்டா என வினவுகிறார். இந்நிகழ்ச்சியைப் பழந்தமிழ் மறுமலர்ச்சியின் தொடக்கமாகவே அனைவரும் கூறுவர். கற்றல் நோக்கில் அது ஒரு நெருக்கடி. முதன்முறையாக, யாரிடமும் கேட்டறியாத ஒரு பெருநூல் அவர் கைக்கு வருகிறது. பாடம் சொல்ல ஆசிரியர் இல்லை. பழக்கமான புராண ஒலியும் வழக்கும் அதில் இல்லை, சமயமோ அறியாதது. கண்முன் எழுத்து இருக்கிறது, நச்சினார்க்கினியர் உரையும் இருக்கிறது, பொருள் திறக்கவில்லை.

அவர் செய்தது என்ன? மேலும் உற்றுப் பார்த்தார் என்பது பாதி விடைதான். ஏட்டுப் பிரதிகளை மேன்மேலும் தேடி ஒப்புநோக்கினார். உரையாசிரியர் பெயர் கூறாமல் எடுத்தாண்ட மேற்கோள்களைக் குறித்துவைத்து, சங்கநூல் ஏடுகள் கிடைத்தபோது அவற்றின் இருப்பிடம் கண்டார். அகரவரிசைக் குறிப்பகராதி எதுவுமில்லாத காலத்தில், எங்கோ படித்த ஓரடியை வேறோர் ஏட்டில் எதிர்ப்பட்டவுடன் இனங்காண்பதற்கு, எழுதிவைத்த குறிப்போடு அந்த ஒலியும் மனத்தில் தங்கியிருக்க வேண்டும். இன்னொரு பாதி, அவர் கும்பகோணத்துச் சமணர் இல்லங்களுக்குச் சென்றது. சிந்தாமணியைச் சமயநூலாகப் போற்றிப் படித்தும் கேட்டும் வந்த குடும்பத்தாரிடம் அமர்ந்து, ஐயங்களைக் கேட்டுத் தெளிந்தார். கல்லூரித் தமிழாசிரியர் மீண்டும் மாணாக்கராகிச் செவியைத் தந்தார். அச்சில் 1887இல் வெளிவந்த சிந்தாமணிப் பதிப்பு கண்ணின் வெற்றியாகவே நமக்குத் தோன்றுகிறது. அதற்குள் மாயூரத்துச் செவியும் சமணர் இல்லத்துச் செவியும் உள்ளன.

ஒன்றை இடையே சொல்லியாக வேண்டும். ‘என் சரித்திர’த்தை முழுமையான கல்வி வரலாறாகக் கொள்ளலாகாது. எண்பத்தைந்தை அணுகிய வயதில், வெகுமக்கள் இதழுக்காக, அரிய நினைவாற்றல் படைத்த ஒருவர் எழுதியது அது. அதே திண்ணையில் பிரம்படி பட்டு ஓடிப்போன சிறுவரின் கணக்கு அதில் இல்லை. திண்ணைக்கே வரவிடப்படாத சாதியாரும், பெண்களும் எவ்வாறு கற்றனர் என்பதும் அதில் இல்லை. வென்றவர் எழுதிய நூலிலிருந்து முறையைப் பெறலாம். அம்முறை அனைவருக்கும் பயன்பட்டது என்று முடிவுகட்ட இயலாது. பழைய கல்விமுறையை அப்படியே மீட்கவேண்டும் எனக் கோருவோர் இதனை மறந்துவிடுகின்றனர்.

இன்றைய வகுப்பறையில்

சிங்கப்பூர் மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி, இந்தியருள் வீட்டில் மிகுதியாகத் தமிழ் பேசுவோர் 2010இல் 36.7 விழுக்காட்டினர், 2020இல் 27.9 விழுக்காட்டினர். மலேசியாவில் தமிழ்ப்பள்ளிகள் இருப்பதால் நிலைமை வேறு. ஆயினும் நகர்ப்புறக் குடும்பங்களில் இதே போக்கை நாம் காண்கிறோம். இதன் கல்வியியற் பொருள், எழுத்தைக் கண்ணால் காணுமுன் செவி பெற்றிருக்க வேண்டிய முதலீடு குறைந்துவருகிறது என்பதே. பழைய ஏட்டில் புள்ளி இல்லாதது போல, இன்றைய அச்செழுத்திலும் காட்டப்படாதன உள்ளன. ‘கடல்’, ‘பக்கம்’, ‘தங்கம்’, ‘அகம்’ ஆகிய சொற்களில் ககரம் ஒன்றே, ஒலியோ ஒன்றன்று. தமிழைக் கேட்டு வளர்ந்த குழந்தைக்கு இதனை யாரும் கற்பிக்க வேண்டியதில்லை. கேளாத குழந்தை ஒவ்வோர் எழுத்தையும் சரியாக அடையாளம் கண்டும், சொல்லைத் தவறாகப் படிக்கிறது. அக்குழந்தையைக் கண்வழிக் கற்போன் எனப் பெயரிட்டு மேலும் படங்களைக் காட்டுவது, சிந்தாமணி ஏட்டைப் பெரிதாக்கிக் காட்டினால் பொருள் விளங்கிவிடும் என்பதற்கு ஒப்பாகும்.

காணொளியும் மின்பலகையும் பயனற்றவை என நாம் கூறவில்லை. உடலுறுப்புப் பெயர், நிலத்தோற்றம், கோயிற்கட்டடம் முதலியவற்றைக் கற்பிக்கையில் படமே முதன்மை பெறவேண்டும். அங்கே ஆசிரியரின் நீண்ட சொல்விளக்கம் வீண். எழுத்தின் வடிவத்திற்குக் கை. சந்திக்கும் யாப்புக்கும் செவி. மரபுத்தொடரின் பொருளுக்கு இவை எவையும் நேரே உதவா. அது பேச்சுச்சூழலிலிருந்து வரவேண்டும். பாடப்பொருளை முன்வைத்துப் புலனைத் தேர்ந்தெடுப்பது ஆசிரியரின் பணி. வினாப்படிவம் அப்பணியை மாணவரின் விருப்பத்திடம் ஒப்படைத்துவிடுகிறது.

நடைமுறையில் நாம் முன்வைப்பது ஒன்றுதான், அதுவும் புதியதன்று. சொல்வதெழுதுதல் பல வகுப்புகளில் தேர்வுக்கு முந்திய சடங்காகச் சுருங்கிவிட்டது. சில இடங்களில் அறவே கைவிடப்பட்டுள்ளது. செவி, கை, கண் மூன்றும் வரிசையாக வேலைசெய்யும் பயிற்சி வகுப்பறையில் இதைப்போல் வேறில்லை. மயிலாடுதுறையில் பிள்ளையவர்கள் சொல்லச் சொல்ல எழுதிய மாணவர் செய்ததும் அடிப்படையில் இதுவே. ஆனால் இன்று அது பத்துத் தனிச்சொற்களின் பட்டியலாக நடத்தப்படுகிறது. ‘வலி’, ‘வளி’, ‘வழி’ எனத் தனித்தனியே சொன்னால் மாணவரின் செவி ஆசிரியரின் நாவை மட்டுமே நம்பியிருக்கவேண்டும். ஆசிரியரின் ழகரமும் நம் காலத்தில் எப்போதும் நம்பத்தக்கதாக இல்லை. பொருள் தொடர்ந்த நான்கு வாக்கியங்களாகச் சொன்னால், பல்லில் இருப்பது வலி, ஊருக்குப் போவது வழி எனச் செவி பொருளைத் துணைக்கொண்டு தேர்ந்தெடுக்கும். எழுதி முடித்ததும் மாணவர் அதனை உரக்கப் படிக்க, உடன் பயில்வோர் கேட்டுத் திருத்தலாம். இதற்குத் தேவைப்படுவது ஒரு தாள், ஒரு பென்சில், நாள்தோறும் பத்து நிமிடம்.